நகரும் கரை: தஞ்சோங் பகாரிலிருந்து துவாஸ் வரை ஒரு துறைமுகக் குடும்பம்

இந்த ஆய்வுக்கு எடுத்துக்கொண்ட குடும்பம் என்னுடையது. அதனால் வரக்கூடிய சாய்வை மறைக்கும் எண்ணம் எனக்கில்லை. என் தாத்தா 1937இல் நாகப்பட்டினத்தில் ‘ரஜூலா’ கப்பலேறிச் சிங்கப்பூர் வந்து, தஞ்சோங் பகார் துறையில் மூட்டை தூக்கி, 1973இல் ஓய்வு பெற்றார். என் அப்பா 1969இல் அதே துறைமுகத்தில் வேலைக்குச் சேர்ந்து, பாரந்தூக்கி இயக்குபவராக 2012இல் வெளியே வந்தார். என் அக்காவின் மகள் இப்போது துவாஸ் துறைமுகத்தின் கட்டுப்பாட்டு அறை ஒன்றில் வேலை செய்கிறாள். நடுவில் நான் மட்டும் பள்ளி ஆசிரியராகி, கரையில் நின்று பார்ப்பவனாகிவிட்டேன். அப்பாவுடனும் அக்கா மகளுடனும் பல மாலைப்பொழுதுகளில் பேசிக் குறித்துக்கொண்டவையும், தாத்தா விட்டுச்சென்ற சில பொருள்களும், சிங்கப்பூர்த் துறைமுகத்தைப் பற்றி யாவரும் அறிந்த வரலாற்றுச் செய்திகளும் இந்த ஆய்வுக்கு ஆதாரங்கள்.

மூவரும் ஒரே துறைமுகத்தில் உழைத்தவர்கள் என்று சொல்லிக்கொள்ளலாம். ஆனால் தாத்தா அப்பாவுக்கோ, அப்பா தம் பேத்திக்கோ தொழில் என்று எதையும் கற்றுக்கொடுக்கவில்லை; கற்றுக்கொடுக்க வழியும் இருக்கவில்லை. தச்சர் வீட்டில் உளி கைமாறும், மீனவர் வீட்டில் நீரோட்டத்தைப் பற்றிய அறிவு கைமாறும். துறைமுகத் தொழிலாளியின் வீட்டில் எது கைமாறுகிறது, ஏன் மற்றது கைமாறுவதில்லை என்பதே இங்கு எழுப்பப்படும் கேள்வி. இயந்திரம் வந்தது, கை வேலை போயிற்று என்பது வழக்கமான பதில். அது தவறான பதில் அன்று. ஆனால் சிங்கப்பூருக்கு அது போதாது. இங்கே ஒவ்வொரு முறை கருவி மாறியபோதும் கரையும் கூடவே இடம் மாறியது. கருவி மட்டும் மாறினால் பழைய ஆள் புதிய கருவியைப் பழகிக்கொள்ளலாம். கரையே மாறும்போது, அந்தக் கரையை ஒட்டி வளர்ந்த குடியிருப்பு, கோயில், கடை, சீட்டு, சிபாரிசு அனைத்தும் பின்தங்கிவிடுகின்றன.

தாத்தாவுக்கு முந்தைய கரைகள்

1819இல் ராஃபிள்ஸ் வந்திறங்கியதிலிருந்து அரை நூற்றாண்டுக்கு மேல் சிங்கப்பூரின் துறைமுகம் என்பது சிங்கப்பூர் ஆறுதான். பெரிய கப்பல்கள் கடலில் நங்கூரமிட்டு நிற்கும். தொங்கான் எனப்படும் சரக்குப் படகுகள் போய்ச் சரக்கை இறக்கி, ஆற்றுக்குள் போட் கீ படித்துறைக்குக் கொண்டுவந்து சேர்க்கும். 1860களில் தீவின் கப்பல் வணிகத்தில் ஏறத்தாழ முக்கால் பங்கு அந்த ஒரு வளைவில்தான் நடந்தது. தொடக்கக் காலத்தில் தொங்கான் ஓட்டியவர்களில் பெரும்பாலோர் சோழமண்டலக் கரையிலிருந்து வந்த தமிழ் முஸ்லிம்கள். சூலியாக்கள் என்று அழைக்கப்பட்டவர்கள். ஆற்றை ஒட்டிய சூலியா ஸ்திரீட் அவர்கள் பெயரைத் தாங்கி நிற்கிறது. தெலுக் ஆயர் ஸ்திரீட்டில் 1828க்கும் 1830க்கும் இடையில் அவர்கள் எழுப்பிய நாகூர் தர்கா அன்று கடலைப் பார்த்து நின்றது. 1880களில் கடல் தூர்க்கப்பட்டதும் அது தெருவுக்குள் போயிற்று. இன்று அதன் வாசலில் நின்று கடலைத் தேடுபவர் வங்கிக் கோபுரங்களைத்தான் பார்ப்பார்.

‘கிடங்கு’ என்ற நம் சொல்தான் மலாயில் ‘குடாங்’ ஆகி, ஆங்கிலேயர் வாயில் ‘கோடவுன்’ ஆனது என்று மொழியறிஞர் பலர் கருதுகின்றனர். சொல் தங்கிவிட்டது, ஆள் தங்கவில்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஆற்றுப் படகுத்தொழில் ஹொக்கியன், தியோச்சியு சீனர்களின் கைக்குப் போனது. இதை இங்கே குறிப்பிடுவதற்குக் காரணம் உண்டு. அந்த மாற்றத்தை எந்த இயந்திரமும் கொண்டுவரவில்லை. ஆற்றங்கரைக் கிடங்குகளின் உரிமையாளர்களாகச் சீன வணிகர்கள் பெருகியபோது, சரக்கை ஏற்றி இறக்கும் வேலையும் அவர்களுடைய மொழி பேசும் ஆட்களிடம் சென்றது. கரை வேலை எப்போதும் உறவின் வழியாகவே ஆளுக்கு ஆள் போயிருக்கிறது. அதே உறவின் வழியாகவே ஒரு சமூகத்தைவிட்டு இன்னொன்றுக்கும் போயிருக்கிறது. நவீனமயம் வருமுன் எல்லாம் நிலையாக இருந்தது என்ற எண்ணத்துடன் இந்த ஆய்வைப் படிக்கத் தொடங்கவேண்டாம் என்பதற்காகவே இதை முன்னே வைக்கிறேன்.

நீராவிக் கப்பல் ஆற்றைப் பின்னுக்குத் தள்ளியது. 1864இல் தஞ்சோங் பகார் கப்பல்துறை நிறுவனம் தோன்றியது. 1869இல் சூயஸ் கால்வாய் திறந்ததும், நிலக்கரி ஏற்றவும் நேராகத் துறையில் அணைந்து சரக்கு இறக்கவும் ஆழமான கரை வேண்டியிருந்தது. அது தெற்கே, அன்று புதுத் துறைமுகம் என்றும் 1900க்குப் பிறகு கெப்பல் துறைமுகம் என்றும் வழங்கிய நீரிணையில் கிடைத்தது. 1905இல் அரசு அந்த நிறுவனத்தைக் கையகப்படுத்தியது. 1913இல் சிங்கப்பூர்த் துறைமுக வாரியம் பிறந்தது. எங்கள் வீட்டில் அதற்கு ‘ஹார்பர் போர்டு’ என்றுதான் பெயர். தாத்தா கடைசிவரை வேறு பெயர் சொல்லிக் கேட்டதில்லை, 1964இல் வாரியம் போய் பிஎஸ்ஏ என்ற துறைமுக ஆணையம் வந்த பிறகும்கூட.

அதற்கும் முன் அந்த நீரிணை யாருடையதாக இருந்தது என்று கேட்டால், படகிலேயே வாழ்ந்த ஓராங் லாவுட் மக்களும், பிரானித் தீவில் நீருக்குமேல் கால் நட்டு வீடு கட்டியிருந்த மலாய்க் குடும்பங்களும் முன்னே வருவார்கள். அந்தத் தீவில் 1992இல் கொள்கலன் முனையம் திறந்தது. எங்கள் குடும்பம் கரையை இழந்த கதையைச் சொல்லும்போது, நாங்கள் வந்து நின்ற இடமும் வேறொருவர் இழந்த இடம் என்பதை நினைவில் வைத்திருப்பது நல்லது.

மூட்டையின் காலம்

தாத்தாவைத் துறைக்கு அழைத்துச் சென்றவர் அவருடைய தாய்மாமன். ஆள் சேர்த்து வேலை வாங்கும் மேற்பார்வையாளரான ஒரு மண்டோரிடம் கொண்டுபோய் நிறுத்தி, “நம்ம பையன்” என்றாராம். அதுவே விண்ணப்பம், அதுவே நேர்காணல். தாத்தாவுக்குக் கையெழுத்துப் போட மட்டும் தெரியும். சரக்கு ஏற்றி இறக்கும் ஆட்களைக் குத்தகைக்காரர்கள் வழங்கிய காலம் அது. மண்டோர் கூப்பிட்டால் அன்று வேலை, கூப்பிடாவிட்டால் இல்லை. மண்டோருக்கு யார் வேண்டியவர் என்பதில் அரிசி இருந்தது. இந்த முறையைப் பிற்காலத்தில் வந்தவர்கள் சற்றுக் காதலோடு பேசுவதை நான் கேட்டிருக்கிறேன்; தாத்தா அப்படிப் பேசியதே இல்லை.

ஆயினும் அந்தக் கேங், அதாவது மண்டோரின்கீழ் சேர்ந்து உழைத்த குழு, ஒரு முழு உலகம். கப்பலின் அடிவயிற்றில் நின்று அடுக்குபவர்கள், சரக்கைக் கயிற்றில் தூக்கும் வின்சை இயக்குபவர், மேல்தட்டில் நின்று கைக்குறி காட்டுபவர், கரையில் வாங்குபவர்கள், மூட்டை எண்ணும் டாலி கிராணி என்று ஒவ்வொருவரும் மற்றவரின் கண்ணையும் கையையும் நம்பி வேலை செய்தார்கள். கைக்குறி ஒன்று தப்பினால் கயிற்று வலையில் தொங்கும் ஒரு டன் சரக்கு ஆள்மேல் இறங்கும். அதனால் கேங்கில் ஒருவரோடு ஒருவர் பேசாமல் கோபித்துக்கொண்டு வேலை செய்ய முடியாது. பகை இருந்தால் மண்டோர் ஒருவரை வேறு கேங்குக்கு மாற்றிவிடுவார். வேலை முடிந்தபின் சீட்டுப் பிடித்தவர்களும், ஊருக்குப் பணம் அனுப்பும்போது கடிதம் எழுதிக்கொடுத்தவர்களும், கல்யாணத்திற்குப் பெண் பார்த்துச் சொன்னவர்களும் அதே ஆட்கள்தான். என் பாட்டியைத் தாத்தாவுக்குச் சொன்னவரும் ஒரு வின்சுக்காரரே.

தாத்தாவின் கைக்கொக்கி இன்றும் எங்கள் சமையலறை இழுப்பறையில் கிடக்கிறது. உள்ளங்கை நீள மரப்பிடி, அதிலிருந்து வளைந்த இரும்பு, கூர்முனை இப்போது மழுங்கிவிட்டது. பிடியின் ஒரு பக்கம் கட்டைவிரல் பட்டுப் பட்டுக் குழிந்திருக்கிறது; நான் என் கட்டைவிரலை வைத்தால் பொருந்துவதில்லை, அப்பாவின் விரலும் பொருந்துவதில்லை. எதில் கொக்கி போடலாம், எதில் கூடாது என்பது ஒரு கல்வி. அரிசிச் சாக்கின் காதில் போடலாம். மாவு மூட்டையில் போட்டால் வழி நெடுக வெள்ளைக் கோடு விழும், மண்டோர் ஏசுவார். பேல் என்ற ரப்பர்க் கட்டு ஒன்று ஏறத்தாழ 113 கிலோ. அதன் ஆபத்து எடையில் மட்டும் இல்லை, குணத்திலும் இருந்தது. கைதவறி விழுந்தால் அது கிடக்காது, எகிறும், எந்தப் பக்கம் எகிறும் என்று யாராலும் சொல்ல முடியாது. தாத்தாவின் தம்பிக்கு முழங்கால் போனது அப்படி எகிறிய ஒரு பேலில்தான். அன்றைய குத்தகைக்காரர் மூன்று நாள் கூலியைக் கையில் கொடுத்து அனுப்பிவிட்டார்.

பாட்டிக்கும் துறைமுகம் தெரியும், ஒரு நாளும் உள்ளே போகாமலேயே. தாத்தாவின் சட்டையைத் துவைக்கக் கல்லில் போடும்போதே கப்பலில் என்ன சரக்கு என்று சொல்லிவிடுவாராம். மிளகு என்றால் தும்மல் வரும். கொப்பரை என்றால் எண்ணெய்ச் சிக்கும், சட்டைப் பையில் இரண்டு வண்டும் இருக்கும். ரப்பர் என்றால் பேலில் தடவிய வெண்தூள் தோளில் அப்பியிருக்கும். சிமெண்டு வந்த நாளில் மட்டும் துணியைத் தனியாக ஊறவைப்பார். குடியிருப்பு துறைமுக வாசலிலிருந்து பத்து நிமிட நடை தொலைவில் இருந்ததால் இந்தத் தூசி வீட்டுக்கு வரும்வரை உதிராமல் இருந்தது. இது சிறிய செய்திதான். ஆனால் வேலையும் வீடும் ஒரே காற்றை மூச்சிழுத்தன என்பதற்கு இதைவிட நல்ல சான்று என்னிடம் இல்லை.

அந்த வட்டாரமே அப்படித்தான் அமைந்திருந்தது. கடையநல்லூர், தென்காசிப் பகுதிகளிலிருந்து வந்த தமிழ் முஸ்லிம் குடும்பங்கள் தஞ்சோங் பகாரில் நெருக்கமாக வாழ்ந்தன. பிழைக்க வந்தவர்களில் பெரும்பாலோர் தனியாட்களாக வந்த அந்நாளில், மனைவி மக்களோடு வந்து ஊன்றியவர்கள் அவர்கள். வீடு வீடாக மசாலை அரைத்துக் கொடுத்த பெண்களின் உழைப்பு அந்தக் குடும்பங்களைத் தாங்கியது. கடையநல்லூர் முஸ்லிம் லீக் 1946இல் தொடங்கிய உமறுப்புலவர் தமிழ்ப் பள்ளி 1982 வரை இயங்கியது. மேக்ஸ்வெல் உணவங்காடியின் முகவரி இன்றும் 1, கடையநல்லூர் ஸ்திரீட். கோழிச் சோற்றுக்கு வரிசையில் நிற்கும் சுற்றுப்பயணிகளில் எவரும் அந்தப் பலகையை நிமிர்ந்து பார்ப்பதாகத் தெரியவில்லை.

நெருக்கத்திலிருந்துதான் சங்கமும் வந்தது. 1955இல் துறைமுக வாரிய ஊழியர் சங்கம் 67 நாள் வேலைநிறுத்தம் செய்தது. அது எழுத்தர்களின் போராட்டம். மூட்டை தூக்கிய தாத்தா அதில் இல்லை. ஆனால் அந்த இரண்டு மாதமும் குடியிருப்பில் யார் வீட்டு அடுப்பு எரியவில்லை என்பது எல்லோருக்கும் தெரிந்திருந்தது என்று அப்பா சொல்கிறார். அப்போது அவருக்கு ஐந்து வயது. தன் வீட்டுச் சோற்றில் ஒரு பங்கு எதிர்வீட்டுக்குப் போனதை மட்டும் நினைவில் வைத்திருக்கிறார்.

பெட்டி வந்தது

1972 ஜூன் 23 அன்று ‘நிஹோன்’ என்ற கப்பல் ராட்டர்டாமிலிருந்து 300 கொள்கலன்களுடன் தஞ்சோங் பகாரின் புதிய முனையத்தில் அணைந்தது. தென்கிழக்காசியாவின் முதல் கொள்கலன் முனையம் அது. கப்பல்களை அனுப்புவதாக எந்தக் கப்பல் நிறுவனமும் உறுதி கொடுக்காத நிலையில், உலக வங்கியிடம் கடன் வாங்கி அதைக் கட்டினார்கள். பிரிட்டன் தன் படைகளை விலக்கிக்கொள்ளப்போவதாக 1968இல் அறிவித்து, செம்பவாங் கடற்படைத் தளத்தை நம்பியிருந்த ஆயிரக்கணக்கான குடும்பங்கள் திகைத்து நின்ற ஆண்டுகள் அவை. அந்தச் சூதாட்டம் தோற்றிருந்தால் இந்த ஆய்வு வேறு மாதிரி எழுதப்பட்டிருக்கும்.

தாத்தா அன்று வேலி ஓரம் நின்று பார்த்தாராம். மாலையில் வீட்டுக்கு வந்து அப்பாவிடம் கேட்ட கேள்வி ஒன்றுதான்: ஒரு பெட்டியில் எத்தனை மூட்டை பிடிக்கும்? இருபதடிப் பெட்டி ஒன்று ஏறத்தாழ 20 டன் தாங்கும். 100 கிலோ மூட்டை என்று வைத்துக்கொண்டால் 200. அதைப் பாரந்தூக்கி இரண்டு மூன்று நிமிடத்தில் இறக்கிவிடும். முந்நூறு பெட்டிக்கு அறுபதாயிரம் மூட்டை. தாத்தா கணக்கைக் கேட்டுவிட்டுச் சாப்பிட உட்கார்ந்துவிட்டார். அடுத்த ஆண்டு அவருக்கு 55 வயது நிறைந்தது. இயந்திரம் அவரை வெளியேற்றவில்லை, வயதுதான் வெளியேற்றியது. ஆனால் அவர் வெளியேறிய இடத்தில் இன்னொரு தாத்தா வரவில்லை.

இங்கேதான் பலர் கவனிக்கத் தவறும் ஒன்று நடந்தது. கொள்கலனால் துறைமுகத்தில் வேலை குறைந்துவிடவில்லை. சரக்கு பெருகியதால் சிங்கப்பூரில் பல்லாண்டுகள் ஆட்கள் தேவைப்பட்டுக்கொண்டே இருந்தார்கள். கொள்கலன் உடைத்தது கேங்கை. பாரந்தூக்கி இயக்குபவர் ஏறத்தாழ 40 மீட்டர் உயரத்தில் தனியாக உட்கார்கிறார். கீழே கனரக வண்டி ஓட்டுபவர் தன் அறைக்குள் தனியாக இருக்கிறார். இருவரும் வாக்கிடாக்கியில் பேசிக்கொள்கிறார்கள். மூன்று ஆண்டு ஒரே ஷிப்டில் வேலை செய்த ஒருவரின் முகத்தை, அவர் விடைபெறும் விருந்தில்தான் முதன்முறை பார்த்ததாக அப்பா சொன்னார். அந்த மனிதர் பெண் பார்த்துச் சொல்லமாட்டார், சீட்டும் பிடிக்கமாட்டார்.

அப்பா வேலைக்குச் சேர்ந்ததும் வேறு வழியில்தான். தாத்தா தெரிந்த மண்டோரிடம் சொல்லிப் பார்த்தார். காலம் மாறிவிட்டது என்று அவர் கை விரித்தார். அப்பா விண்ணப்பம் எழுதி, உடற்பரிசோதனை முடித்து, பொதுத் தொழிலாளியாகச் சேர்ந்து, எழுபதுகளின் நடுவில் ஃபோர்க்லிஃப்ட் உரிமம், பிறகு கனரக வண்டி உரிமம், 1983இல் பாரந்தூக்கிப் பயிற்சி என்று படிப்படியாக ஏறினார். ஒவ்வொரு படியிலும் ஒரு தேர்வும் தாளும் இருந்தன. இது மண்டோரின் தயவைவிட நேர்மையானது என்பதில் எனக்கு ஐயமில்லை. அதே நேரத்தில், கையெழுத்து மட்டும் போடத் தெரிந்த ஒருவன் தாய்மாமன் கையைப் பிடித்துக்கொண்டு உள்ளே நுழையக்கூடிய வாசல் மூடப்பட்டது என்பதும் உண்மை. இரண்டையும் ஒரே மூச்சில் சொல்லத்தான் வேண்டும்.

பாட்டி பழக்கத்தை விடவில்லை. அப்பா வேலை முடிந்து வந்ததும், “இன்னைக்கு என்னடா ஏத்துன?” என்று கேட்பார். “பெட்டி” என்பார் அப்பா. “பெட்டில என்ன?” “தெரியாதும்மா.” சில ஆண்டுகளில் பாட்டி கேட்பதை நிறுத்திவிட்டார். சட்டையிலும் ஒன்றும் இல்லை, வியர்வையையும் குளிர்சாதன வாடையையும் தவிர. அப்பாவுக்கு முதுகுவலியும் வேறு விதமானது. தாத்தாவின் முதுகு சுமையால் கூனியது. அப்பாவின் கழுத்து, கண்ணாடித் தரை வழியாகத் தன் இரு முழங்கால்களுக்கு நடுவே எட்டு மணி நேரம் குனிந்து பார்த்ததால் தேய்ந்தது.

ஆற்றைப் பற்றி இங்கே சுருக்கமாகச் சொன்னால் போதும். 1977இல் லீ குவான் இயூ விடுத்த அறைகூவலின்பேரில் பத்தாண்டுத் தூய்மைத் திட்டம் தொடங்கியது. 1983இல் எஞ்சியிருந்த ஏறத்தாழ 800 படகுகள் பாசிர் பாஞ்சாங்குக்கு அனுப்பப்பட்டன. போட் கீயில் இன்று உணவகங்கள். ஆற்றில் நாற்றம் இல்லை, வேலையும் இல்லை.

1982இல் கப்பல் எடைக் கணக்கிலும், 1990இல் 52 லட்சத்துக்கும் மேற்பட்ட கொள்கலன்களுடன் பெட்டிக் கணக்கிலும் சிங்கப்பூர் உலகின் முதல் துறைமுகமானது. அந்த ஆண்டுகளில் அப்பா வீட்டில் அதிகம் பேசமாட்டார், ஆனால் செய்தித்தாளில் அந்த எண்ணைக் கத்தரித்து அலமாரிக் கதவின் உட்புறம் ஒட்டியிருந்தார். 2000த்தில் மார்ஸ்க் கப்பல் நிறுவனம் மலேசியாவின் ஜோகூரிலுள்ள தஞ்சோங் பெலப்பாஸ் துறைமுகத்துக்கு மாறியது. 2003இல் பிஎஸ்ஏ ஏறத்தாழ 800 பேரை ஆட்குறைப்புச் செய்தது. அப்பா அவர்களில் இல்லை. ஆயினும், துறைமுக வேலை கல்லில் எழுதியது என்ற நம்பிக்கை எங்கள் வீட்டில் அந்த ஆண்டோடு போயிற்று. எனக்கு அந்த வேலைக்குப் போக நினைப்பே வராமல் பார்த்துக்கொண்டவர் அப்பாதான்.

துவாஸ்

2022 செப்டம்பர் 1 அன்று துவாஸ் துறைமுகம் அதிகாரபூர்வமாகத் திறந்தது. பத்து மாடி உயரமுள்ள, 28 மீட்டர் கான்கிரீட் பேழைகள் 221ஐக் கடலடியில் நிறுத்தி அதன் முதற்கட்டக் கரையை எழுப்பினார்கள். 2040களில் முழுதும் முடியும்போது ஆண்டுக்கு 6.5 கோடிக் கொள்கலன்களைக் கையாளும் திறன் அதற்கு இருக்கும். தஞ்சோங் பகார், கெப்பல், பிரானி ஆகிய நகர முனையங்களின் வேலை 2027க்குள் அங்கே போகவேண்டும், பாசிர் பாஞ்சாங்கின் வேலை 2040 வாக்கில். காலியாகும் தென்கரை, பாசிர் பாஞ்சாங்கிலிருந்து மரினா ஈஸ்ட் வரை 30 கிலோமீட்டர், வீடுகளும் அலுவலகங்களும் பூங்காக்களும் கொண்ட பகுதியாக மாறவிருக்கிறது. மீண்டும் கரை நகர்கிறது. இம்முறை அது போன இடத்தில், முந்தைய கரைகளைப்போல் அதைச் சுற்றி ஒரு குடியிருப்பும் கிடையாது, முளைக்கவும் போவதில்லை.

அக்கா மகள் பொங்கோலில் இருக்கிறாள். காலை ஷிப்டுக்கு விடியுமுன் கிளம்பி, தீவை ஒரு முனையிலிருந்து மறுமுனைவரை கடந்து, துவாஸ் லிங்க் நிலையத்தில் இறங்கி நிறுவனப் பேருந்து பிடிக்கிறாள். தாத்தா பத்து நிமிடம் நடந்தார். அப்பா தெலுக் பிளாங்காவிலிருந்து பேருந்தில் கால் மணி நேரம். இவளுக்கு ஒரு வழிக்கே ஒன்றரை மணி நேரத்துக்கு மேல். துறைமுகத்தில் வேலை செய்தாலும் கடலைப் பார்க்காமலேயே பல நாள் போகிறது என்கிறாள். அவள் முன் திரைகள். சரக்கு முற்றத்தின் பாரந்தூக்கிகள் தாமே இயங்குகின்றன. மின்கலத்தில் ஓடும் ஓட்டுநரில்லா வண்டிகள் பெட்டிகளைச் சுமந்து போகின்றன. ஏதாவது ஒன்று சொன்னபடி கேட்காமல் நின்றுவிட்டால்தான் அவளுக்கு வேலை.

ஒரு முறை அப்பா அவளிடம் கேட்டார்: “காத்து ஏறுதுன்னா ஒனக்கு எப்படித் தெரியும்?” “திரையில எண் வரும் தாத்தா, எல்லை தாண்டினா தானே நின்னுடும்” என்றாள். அப்பா சற்று யோசித்துவிட்டு, காற்று ஏறுமுன் பாரந்தூக்கியின் கம்பி வடம் ஒரு சுருதியில் பாடத் தொடங்கும், அந்தச் சத்தம் வந்ததும் கையை மெதுவாக்கிவிடுவேன் என்று சொன்னார். அவள் ஆர்வமாகத்தான் கேட்டாள். ஆனால் அதை வைத்துக்கொண்டு அவள் என்ன செய்ய முடியும்? முப்பது ஆண்டில் காது கற்ற ஒன்று, பெறுவதற்கு ஆளிருந்தும் பயன்படுவதற்கு இடமில்லாமல் போன கணம் அது. அப்பா தாத்தாவின் கொக்கியைப் பார்த்ததும் இப்படித்தான் இருந்திருக்கும்.

இதைச் சொல்லும்போது அவளுடைய பக்கத்தையும் சொல்லவேண்டும். பாட்டி துணியின் வழியாக மட்டுமே அறிந்த துறைமுகத்துக்குள் எங்கள் குடும்பத்தில் முதல்முறையாக ஒரு பெண் சம்பளம் வாங்கிக்கொண்டு நுழைந்திருக்கிறாள். அவள் முழங்கால் பத்திரமாக இருக்கிறது. மூட்டை தூக்குவதை மரபு என்று போற்றச் சொன்னால் நான் மறுப்பேன். தாத்தா கடைசி இரண்டு ஆண்டும் நிமிர்ந்து படுக்க முடியாமல் சுவரில் சாய்ந்தே தூங்கினார்.

தாத்தாவின் இடத்தில் இன்று இருப்பவர்கள் வேறு யாரோ. துவாஸ் தங்கும் விடுதிகளின் வாசலில் ஞாயிற்றுக்கிழமை நின்றால் தஞ்சாவூர், புதுக்கோட்டைப் பேச்சு காதில் விழும். கப்பல் பட்டறைகளிலும் கட்டுமானத்திலும் உழைக்கும் இந்த இளைஞர்கள் வந்திருப்பது தாத்தா கிளம்பிய அதே வட்டாரங்களிலிருந்துதான். ஒரு பெரிய வேறுபாடு உண்டு. தாத்தாவால் பாட்டியை அழைத்துவர முடிந்தது. 1957இல் குடியுரிமைச் சட்டம் வந்தபோது பதிந்துகொள்ள முடிந்தது. அதனால்தான் ஓர் இரண்டாம் தலைமுறை உண்டாயிற்று. வேலை அனுமதிச் சீட்டில் வருபவருக்குக் குடும்பத்தை அழைத்துவர இடமில்லை. கரையின் அடுத்த தலைமுறை என்று பேசும்போது, தலைமுறை என்ற ஒன்றே இங்கு உண்டாக வாய்ப்பில்லாத ஒரு தொழிலாளர் வகுப்பு கரையில் இருக்கிறது. இந்தக் குடும்ப ஆய்வின் எல்லைக்கு வெளியே இருந்தாலும், நான் கண்டவற்றில் மிகக் கனமானது இதுதான்.

அப்படியானால் எங்கள் வீட்டில் கைமாறியது என்ன? நான் பார்த்தவரை ஒன்றே ஒன்று: ஷிப்டு. ஒருவர் பகலில் தூங்கும் வீட்டில் மற்றவர்கள் எப்படி நடமாடவேண்டும், பாத்திரத்தை எப்படிச் சத்தமில்லாமல் கவிழ்க்கவேண்டும், தீபாவளியன்று இரவு வேலை விழுந்தால் எண்ணெய்க் குளியலை எந்த நேரத்துக்கு நகர்த்தவேண்டும் என்பவை பாட்டியிடமிருந்து அம்மாவுக்கும், அம்மாவிடமிருந்து அக்காவுக்கும் வந்தன. துறையில் ஆண்கள் கற்றவை ஒவ்வொரு தலைமுறையிலும் நின்றுபோக, வீட்டில் பெண்கள் கற்றது மட்டும் தொடர்ந்திருக்கிறது. அக்கா இன்று தன் மகளின் அறைக் கதவை மூடும் விதம், பாட்டி மூடிய அதே விதம்.

2024இல் செங்கடலைத் தவிர்த்துக் கப்பல்கள் ஆப்பிரிக்காவைச் சுற்றி வரத் தொடங்கி, கால அட்டவணைகள் குலைந்து, சிங்கப்பூரில் நெரிசல் ஏற்பட்டது. அவ்வாண்டில் கையாண்டவை 4.11 கோடிக் கொள்கலன்கள், அதுவரை காணாத அளவு. நெரிசலைச் சமாளிக்க, கெப்பல் முனையத்தில் ஏற்கெனவே மூடியிருந்த பழைய துறைகள் சிலவற்றை மீண்டும் திறந்தார்கள். தெலுக் பிளாங்காவில் பன்னிரண்டாம் மாடியில் இருக்கும் அப்பாவின் சமையலறைச் சன்னலிலிருந்து அந்தப் பக்கம் தெரியும். பாரந்தூக்கியின் நீண்ட கை மேலே நிமிர்ந்திருந்தால் வேலையில்லை, கீழே படுத்திருந்தால் கப்பல் நிற்கிறது என்று பொருள். ஓய்வு பெற்ற நாளிலிருந்து தினமும் காலையில் காப்பியோடு அவர் அதை எண்ணுவார். கடைசி இரண்டு மூன்று ஆண்டுகளாக எண்ணுவதற்கு அதிகம் இல்லை.

ஜூன் மாதத்தில் ஒரு நாள் இரவு எட்டு மணிக்குப் பேத்திக்குத் தொலைபேசியில் கூப்பிட்டார். அவள் வேலை முடிந்து ரயிலில் வந்துகொண்டிருந்தாள். நானும் அப்போது அப்பா வீட்டில் இருந்தேன்.

“கெப்பல்ல நாலு கை எறங்கியிருக்கு. விளக்கெல்லாம் போட்டிருக்கான். என்ன சரக்குடா அது?”

“குளிர்பெட்டியா, ஆபத்தான சரக்கான்னு வேணா தெரியும் தாத்தா,” என்றாள் அவள். “உள்ள என்னன்னு எங்க திரையிலயும் வராது.”